ஜாஃபர் சாதிக் பாய் உட்கார்ந்த நாற்காலி

திருத்துறைப்பூண்டி,
வெள்ளிக்கிழமை, ஜும்ஆவுக்குப் பின்.

ஷார்ஜாவில் இருக்கும் அன்புமிக்க மச்சான் முபாரக் அவர்களுக்கு, தங்கை மாப்பிள்ளை சேக் தாவூது எழுதிக்கொண்டது. அஸ்ஸலாமு அலைக்கும். இங்கே நானும் தங்கள் தங்கை லத்தீஃபாவும் மகள் ஷமீராவும் உடம்பளவில் சுகம். தாங்களும் அங்கே சுகமாக இருக்க ஐந்து வேளையும் துஆ கேட்கிறோம். மற்றபடி, தாங்கள் பார்த்துப் பேசிவைத்த சம்பந்தம் முறிந்துவிட்டது. மாப்பிள்ளை அன்சாரி தங்கள் கட்டிடத்திலேயே குடியிருப்பதால், விஷயம் வேறு வாய் வழியாகத் திரிந்து வருவதற்குள் நடந்ததை நடந்தபடி எழுதிவிடுகிறேன்.

மாப்பிள்ளையின் அத்தா, நாகப்பட்டினம் ஜவுளிக்கடை ஜாஃபர் சாதிக் பாய், பெண் பார்க்க வந்த அன்று, போன லீவில் தாங்கள் கொண்டுவந்த கலர் டிவியில் கிரிக்கெட் ஓடிக்கொண்டிருந்தது. அதை அணைத்திருந்தால் இந்தக் கடிதத்துக்கு வேலையே இல்லை. இந்தியா தோற்கிற நிலை. பாய் வந்து பிரம்பு நாற்காலியில் உட்கார்ந்தார், பந்து எல்லைக் கோட்டைத் தாண்டியது. எழுந்திருக்காமல் இருந்தார், தாண்டிக்கொண்டே இருந்தது. ஷமீரா தேநீர்த் தட்டோடு வந்தபோது, “தட்ட அங்கேயே வைம்மா, குறுக்க வராத” என்றாரே தவிர, பெண்ணின் முகத்தை நிமிர்ந்து பார்க்கவில்லை. இந்தியா ஜெயித்தது. பெண் பிடித்திருக்கிறது என்றார்.

அதிலிருந்து இந்தியா எந்த ஊரில் ஆடினாலும் பாய் எங்கள் வீட்டு நாற்காலிக்கு முதல் பஸ்ஸில் வந்துவிடுவார். சம்பந்தி ஆகப்போகிறவரைத் தனியே விட்டுவிட்டு நான் எப்படி உரக்கடையைத் திறப்பது? கடை பூட்டிக் கிடக்கிறதே என்று யூரியா கேட்டு வீட்டுக்கே வந்தார் துரைராசு. அவர் நிலைவாசலில் கால் வைத்த நேரம் ஒரு சிக்ஸர். “நின்ன எடத்துலயே நில்லுங்க” என்றார் பாய். “தண்ணி வந்துருச்சுங்க பாய், பயிரு மஞ்சளா நிக்குது” என்று அவர் கெஞ்ச, “நாடு எப்படி நிக்குதுன்னு பாருங்க மொதல்ல” என்று பதில் வந்தது. வெளிநாட்டு அணி விமானம் ஏறிய பிறகாவது மூச்சு விடலாம் என்றிருந்தால், ரஞ்சிக் கோப்பை தொடங்கிவிட்டது. அதை டிவியில் காட்டவில்லை. வானொலியைக் காதோடு வைத்துக்கொண்டு அதே நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். இது எதற்கு பாய் என்றேன். “நாத்தங்காலக் கவனிக்காம நடவ மட்டும் பாத்தா வெள்ளாம வருமா?” என்றார். அவருடைய வீட்டம்மா கமருன்னிஸா போன் செய்து, “கடைப் பக்கமே வர்றதில்ல அண்ணே. நல்லா இருக்காங்களான்னு மட்டும் சொல்லுங்க” என்றபோது எனக்கே கண் கலங்கிவிட்டது.

கல்யாண நாளைப் பற்றி எப்போது கேட்டாலும், சட்டைப் பையிலிருந்து பேப்பரில் கத்தரித்த ஆட்ட அட்டவணையை எடுப்பார். பெருநாள் கழித்து என்றால், “அன்னிக்கிப் பகலிரவு ஆட்டம்” என்பார். அதற்கடுத்த வாரம் என்றால் பெங்களூரில் ஆட்டம் என்பார். போன ஞாயிறு, அடுத்து வந்த வெளிநாட்டு அணியோடு ஆட்டம். பெண்ணைப் பெற்றவன் எத்தனை நாள் பொறுப்பது? எழுந்து நின்று, “பாய், நாளு” என்று வாயைத் திறந்தேன். ஸ்டம்பு பறந்தது. உட்கார்ந்தேன், அடுத்ததும் போனது. தோற்ற பிறகு பாய் டிவியைப் பார்த்தபடியே சொன்னார்: “நீங்க வாயத் தொறந்தீங்க, எல்லாம் போச்சு. ராசியில்லாத வீட்டுல எம்புள்ளைக்குப் பொண்ணெடுத்துட்டு நான் நிம்மதியா ஆட்டம் பாக்க முடியுமா?” போகும்போது பிரம்பு நாற்காலியையும் பஸ் மேலே ஏற்றிக்கொண்டு போனார். அதன் மேல் குற்றமில்லையாம்.

லத்தீஃபா அழுதாள். ஷமீரா அழவில்லை. “விடுங்க அத்தா. அந்த வீட்டுக்குப் போனா நான் தும்முறதுக்கும் ஸ்கோர் பாக்கணும்” என்றாள். சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போனவள் வெகுநேரம் வெளியே வரவில்லை. அன்சாரியின் போட்டோவைத் திருப்பிக் கொடு என்று நானும் கேட்கவில்லை, அவளும் கொடுக்கவில்லை.

ஆகவே தாங்கள் அன்சாரியைப் பார்த்து, சம்பந்தம் இல்லை என்று பக்குவமாகச் சொல்லிவிடவும். பையன் மேல் எங்களுக்கு வருத்தமில்லை. டிவியை வேண்டியவர்களுக்குக் கொடுத்துவிடப் போகிறேன். அடுத்த லீவில் வரும்போது படம் தெரிகிற சாமான் எதுவும் கொண்டுவர வேண்டாம். வெயிலில் அலையாதீர்கள், வேளைக்குச் சாப்பிடுங்கள். தங்கள் கையில் பரக்கத்தும் உடம்பில் ஆஃபியத்தும் நிறைய அல்லாஹ் அருள் செய்வானாக. வஸ்ஸலாம்.

இப்படிக்கு,
சேக் தாவூது

பின்குறிப்பு, சனிக்கிழமை இரவு: மேலே எழுதியது எதையும் அன்சாரியிடம் சொல்ல வேண்டாம். காலையில் இதைத் தபாலில் சேர்க்கப் போனேன். வெளிநாட்டுத் தபால்தலை தீர்ந்துவிட்டது என்றார்கள். வந்ததுதான் வந்தோம் என்று கடையைத் திறந்தால், உரம் கேட்டு வந்தவர்கள் பொழுது சாயும்வரை விடவில்லை. அதற்குள் இன்றைய ஆட்டத்தின் நடுவே நாகப்பட்டினத்திலிருந்து பாய் போன் செய்திருக்கிறார். “உங்க அத்தா டிவி முன்னாடி இருக்காங்களாம்மா?” என்று கேட்டாராம். வெளியே போயிருக்கிறார்கள் என்று ஷமீரா சொல்ல, “வர வேணாம்னு சொல்லு” என்று வைத்துவிட்டார். இந்தியா ஜெயித்துவிட்டது. உடனே மறுபடியும் போன். குற்றம் வீட்டில் இல்லை, என்னிடம் மட்டும்தானாம். சம்பந்தம் உண்டு, கல்யாணத் தேதியை நீங்களே சொல்லுங்கள் என்றாராம். ஷமீரா அவரையே அட்டவணையைப் படிக்கச் சொல்லிக் கேட்டு, இறுதி ஆட்டம் நடக்கிற நாளைக் குறித்துக் கொடுத்திருக்கிறாள். பாய் அந்தத் தேதியை இரண்டு தரம் திருப்பிப் படித்தாராம். பிறகு, “சரிம்மா” என்றாராம். அன்சாரிக்கும் தங்களுக்கும் லீவு சொல்லி வைக்கவும். அன்றைக்கு நான் மண்டபத்துக்குள் இருக்கலாமா என்று பாயிடம் போனில் கேட்டேன். பெண்ணைப் பெற்றவன் இல்லாமல் நிக்காஹ் எப்படி என்றும் கேட்டேன். டாஸ் போட்ட பிறகு சொல்கிறேன் என்றிருக்கிறார்.