சித்திரை வெயிலில் ஒரு கம்ஃபி அறை

இங்கிலீஷ் இலக்கியம் படித்த பெண்ணை நம்பி வீட்டில் எந்தக் காரியத்தையும் ஒப்படைக்காதீர்கள். நானே அப்படிப் படித்தவள் என்பதால் சொல்கிறேன். கணக்குப் படித்தவளுக்குத் தனக்கு என்ன தெரியாது என்பதாவது தெரியும். எங்களுக்கு அதுவும் தெரியாது. ஒரு வார்த்தையைக் கதைப் புத்தகத்தில் நாலு தடவை பார்த்துவிட்டால் போதும், அதோடு கூடப் பிறந்தவர்கள் போலப் பேச ஆரம்பித்துவிடுவோம்.

நான் அப்படிக் கூடப் பிறந்த வார்த்தை 'கம்ஃபி'. அதன் புண்ணியத்தில் ஒரு வெள்ளைக்காரரைச் சித்திரை மாதம் நட்ட நடுப்பகலில், காரைக்குடியில் எங்கள் வீட்டில் வைத்து ஏறக்குறைய இட்லி மாதிரி அவித்து எடுத்துவிட்டேன்.

அறுபதுகளின் கடைசி அது. எனக்குக் கல்யாணமாகி எட்டு மாதம். அந்த எட்டு மாதத்தில் என் வீட்டுக்காரரோடு சேர்ந்து இருந்தது மொத்தம் பதினேழு நாள். (விரல் விட்டு எண்ணினேன். கைவிரல் போதாமல் கால்விரலுக்கும் போனேன்.) அவருக்குக் கல்கத்தாவில் ஒரு தேயிலைக் கம்பெனியில் வேலை. ஒரே அறையில் ஐந்து ஆண்கள் பாய் விரித்துப் படுத்துக்கொண்டு, மெஸ்ஸில் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். அங்கே பெண்டாட்டியை எங்கே கொண்டுபோய் வைப்பது? நான் இங்கே மாமியாரோடு இருந்தேன். மாமா காலமாகி நாலு வருஷம் ஆகியிருந்தது. வயல், வீடு, வேலையாட்கள் எல்லாம் அத்தை கையில்தான். வாரம் ஒரு கடிதம் வரும். அதிலும் பாதி அம்மாவின் முழங்கால் வலியைப் பற்றி இருக்கும்.

இந்த நிலையில் கம்பெனி மதுரையில் ஒரு கிளை திறக்கப்போவதாகச் சேதி வந்தது. அதற்கு அனுப்பலாம் என்று இரண்டு பேரை யோசித்து வைத்திருந்தார்கள். ஒருவர் என் வீட்டுக்காரர். இன்னொருவர் இவரைவிட மூன்று வருஷம் சீனியர். முடிவு ஒரு துரையின் கையில் இருந்தது. (அவர் பெயர் அத்தை வாயில் நுழையவில்லை. அதனால் எங்கள் வீட்டில் அவர் இன்றுவரைக்கும் துரைதான்.) அவர் மதுரையில் இடம் பார்க்க வருகிறார், துணைக்கு என் வீட்டுக்காரரையும் கூட்டி வருகிறார், மதுரையிலிருந்து திருச்சி போகிற வழியைக் கொஞ்சம் வளைத்து எங்கள் வீட்டில் மத்தியானச் சாப்பாடு சாப்பிட்டுவிட்டுப் போகிறார் என்று ஏற்பாடு. மதுரை கிடைத்தால் நானும் அவரும் ஒரு வீட்டில் இருக்கலாம். எனக்கு உலகத்தில் வேறு எதுவும் வேண்டியிருக்கவில்லை.

கடிதத்தோடு துரை கைப்பட எழுதிய ஒரு சீட்டும் வந்தது. 'என்னால் உங்களுக்குச் சிரமம் வேண்டாம். சாப்பிட்ட பிறகு ஒன்றிரண்டு மணி நேரம் சாய்ந்துகொள்ளக் கம்ஃபியாக ஓர் இடம் இருந்தால் போதும்' என்று இங்கிலீஷில் இருந்தது. அதற்குக் கீழே என் வீட்டுக்காரர் தமிழில் எழுதியிருந்தார்: 'சமையலை அம்மா பார்த்துக்கொள்வார்கள். இடத்தை நீ பார்த்துக்கொள். படித்தவள்.'

படித்தவள்! அந்த ஒரு வார்த்தையில் எனக்குத் தலை கால் புரியவில்லை. அத்தையைக் கூப்பிட்டு உட்கார வைத்துச் சீட்டை உரக்க வாசித்தேன்.

"அந்தக் கம்பின்னு சொன்னியே, அப்படீன்னா என்னத்தா?" என்றார் அத்தை.

காலேஜில் எனக்குப் பரிசாகக் கிடைத்த அகராதியை எடுத்துப் புரட்டினேன். அதில் அந்த வார்த்தை இல்லை.

"சில வார்த்தையெல்லாம் அகராதியில ஏறாது அத்தை."

"கெட்ட வார்த்தையா?"

"அய்யோ, இல்ல அத்தை. கம்ஃபர்டபிள்னா சௌகரியம். அதையே செல்லமாச் சுருக்கினா கம்ஃபி. சுப்பிரமணியனைச் சுப்புன்னு கூப்பிடுறோம்ல, அது மாதிரி. வேண்டியவகளுக்குள்ள பேசிக்கிறது."

"சௌகரியந்தானா? அப்ப தாழ்வாரத்துல ஒரு பாயை விரிச்சுப் போட்டா முடிஞ்சுச்சு. இதுக்கு எதுக்கு இம்புட்டுப் பேச்சு?"

அந்த விஷயத்தில் அன்று வாயைத் திறந்தவர்களில் சரியாகப் பேசிய ஒரே ஆள் அத்தைதான். எங்கள் வீட்டுத் தாழ்வாரம் முழுக்க ஆத்தங்குடிக் கல். சித்திரையிலும் கால் வைத்தால் ஜில்லென்று இருக்கும். முற்றத்துக் காற்று தெற்கும் வடக்குமாக ஓடும். ஆனால் நான் சிரித்தேன். பாவம், படிக்காதவர் என்று சிரித்தேன்.

"அது நம்ம சௌகரியம் அத்தை. இது இங்கிலீஷ் சௌகரியம்."

அதற்கு என்னிடம் ஆதாரம் இருந்தது. காலேஜில் படித்த கதைகளிலிருந்து நல்ல வார்த்தைகளை எல்லாம் ஒரு நோட்டில் எழுதி, எந்த இடத்தில் வந்தது என்றும் குறித்து வைத்திருந்தேன். அதன்படி கம்ஃபிக்கு என்னென்ன வேண்டும் என்பதில் சந்தேகமே இல்லை. சின்ன அறை, தாழ்ந்த கூரை, இழுத்து மூடிய ஜன்னல், கனத்த திரை, கம்பளி, பக்கத்தில் கணகணவென்று நெருப்பு, சூடாகக் குடிக்க ஏதாவது, ஒரு பூனை. எந்தக் கதையிலும் யாரும் பெரிய தாழ்வாரத்தில் காற்றாடப் படுத்துக்கொண்டு கம்ஃபியாக இருந்ததில்லை. அந்தக் கதைகளில் எல்லாம் வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்ததை நான் கவனிக்காமல் இல்லை. அது கதைக்கு அழகுக்காகச் சேர்த்தது என்று நினைத்திருந்தேன்.

எங்கள் வீட்டிலேயே சின்ன அறை அடுக்களையை ஒட்டி இருந்தது. உள்ளங்கை அகலத்துக்கு ஒரு சாளரம். மற்ற நாளில் அதில் புளிப்பானை இருக்கும். யாருக்காவது பிள்ளைப்பேறு என்றால் பானையை வெளியே எடுத்துவிட்டுக் கட்டிலைப் போடுவார்கள். என் வீட்டுக்காரரே அந்த அறையில் பிறந்தவர்தான். நான் பானையை எடுத்தேன். கட்டிலைப் போட்டேன். சாளரத்தை அடைத்து, அதன் மேல் கல்யாணத்துக்கு வாங்கிய சிவப்பு வெல்வெட்டை நாலு மடிப்பாகத் தொங்கவிட்டேன்.

கம்பளிக்கு எதிர்வீட்டு மரியம் அக்காவிடம் போனேன். அவருடைய வீட்டுக்காரர் பினாங்கில் கடை வைத்திருந்தார். அங்கிருந்து கொண்டுவந்த, புலிப்படம் போட்ட கம்பளி ஒன்று அவர்கள் வீட்டுப் பெட்டியில் இருந்தது.

"யாருக்கும்மா குளிர்காய்ச்சல்?" என்று பதறினார் மரியம் அக்கா.

"காய்ச்சல் இல்லக்கா. வெள்ளைக்காரத் துரை வர்றாக."

"அதுக்கு இதை எதுக்கு? இதைப் பாத்தாலே நமக்கு வேர்க்குமே!"

அதற்கும் சிரித்தேன். அவர்கள் வீட்டுப் பூனையையும் கேட்டு வாங்கிக்கொண்டு வந்தேன்.

கடைசியாகக் குமுட்டி அடுப்பில் கரியைப் போட்டுக் கங்கு கனிய வைத்து, கட்டிலுக்குப் பக்கத்தில் கொண்டுபோய் வைத்தேன். வாசனைக்குக் கொஞ்சம் சாம்பிராணியும் தூவினேன். வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்த அத்தைக்கு அதற்கு மேல் தாங்கவில்லை.

"ஏத்தா, பிள்ளை பெத்தவளுக்குத்தேன் இப்படி மூடிப் போட்டு நெருப்பு வைப்பாக. துரைக்கு என்ன பேறுகாலமா?"

"அத்தை, உங்க மகன் மதுரைக்கு வரணுமா, வேண்டாமா?"

அத்தைக்கும் மகன் பக்கத்தில் வரவேண்டும் என்று ஆசை இருந்தது. அடுக்களைக்குப் போய் மிளகு ரசத்தைக் கொதிக்க வைத்தார்.

பன்னிரண்டரைக்குக் கார் வந்தது. துரைக்கு ஐம்பது வயதிருக்கும். நல்ல உயரம், மதுரை வெயிலில் ஏற்கெனவே முகம் சிவந்திருந்தது. என் வீட்டுக்காரரை நாலு மாதத்துக்குப் பிறகு பார்க்கிறேன், இளைத்திருந்தார். ஒரு வார்த்தை பேச முடியவில்லை. இலை போட்டுப் பரிமாறினோம். துரை எதையும் மிச்சம் வைக்காமல், மூக்கிலும் கண்ணிலும் நீர் வழிய, இரண்டு தம்ளர் ரசமும் குடித்தார். பிறகு நான் முன்னால் நடந்து போய் அறைக் கதவைத் திறந்தேன்.

உள்ளேயிருந்து வந்த அனலில் என் வீட்டுக்காரர் ஓர் அடி பின்னால் போனார். "என்ன இது?" என்றார் பல்லைக் கடித்துக்கொண்டு.

"கம்ஃபி" என்றேன்.

துரை வாசலிலேயே நின்றார். சிவப்புத் திரையையும் குமுட்டி அடுப்பையும் புலிக் கம்பளியையும் அதன் மேல் உட்கார்ந்திருந்த பூனையையும் மாறி மாறிப் பார்த்தார். அவர் முகத்தில் என்னவோ ஒன்று வந்து போனது. குனிந்து உள்ளே போனார். நான் கதவை இறுகச் சாத்தி, கீழே இருந்த இடுக்கில் ஒரு பழைய சேலையையும் செருகினேன். (இங்கிலீஷ் கதைகளில் கதவிடுக்குக் காற்று ஆளைக் கொல்லும்.)

அரை மணி நேரம் இருக்கும். கதவு படாரென்று திறந்தது. முதலில் பூனை வந்தது. அது நேரே கிணற்றடிக்கு ஓடி ஈரக் கல்லில் வயிற்றை ஒட்டிப் படுத்துக்கொண்டது. அடுத்து துரை வந்தார். சட்டை உடம்போடு ஒட்டியிருந்தது. தலையிலிருந்து தண்ணீர் சொட்டியது. என்னைப் பார்த்து மரியாதையாக ஏதோ சொல்ல ஆரம்பித்தார், முடிக்கவில்லை. சுவரைப் பிடித்துக்கொண்டே தாழ்வாரத்துக்குப் போய், தரையில் நீளமாகச் சாய்ந்துவிட்டார்.

அத்தைதான் ஓடினார். ஒரு செம்புத் தண்ணீரைத் தலையில் ஊற்றினார், நீர்மோரைக் குடிக்க வைத்தார், மகனுடைய வேட்டியைக் கொடுத்துச் சட்டையைக் கழற்றச் சொன்னார், எல்லாம் தமிழிலேயே. "படுங்கய்யா, இங்குட்டுத் திரும்பிப் படுங்க, காத்து வரும்." துரை ஒரு எழுத்துக்கூட விடாமல் புரிந்துகொண்டு செய்தார். விசிறியை நாலு வீசு வீசியதும் தூங்கிப்போனார். குறட்டை தெருவுக்குக் கேட்டது.

என் வீட்டுக்காரர் அடுக்களையில் என் எதிரே வந்து நின்றார். "மதுரை போச்சு" என்றார். அதற்கு மேல் திட்டக்கூட இல்லை. திட்டியிருந்தால் தேவலை. நான் அம்மிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அழுதேன். ஒரு வார்த்தை தெரியும் என்ற திமிருக்காக என் வாழ்க்கையை நானே அடுப்பில் போட்டுவிட்டேன் என்று உண்மையாகவே நினைத்தேன். அத்தை உள்ளே வந்து என் தலையைத் தடவி, "உசுரோடதேன் இருக்காரு, அழுகாத" என்றார்.

நாலரை மணிக்குத் துரை எழுந்தார். வேட்டியோடு சம்மணம் போட்டுக் காப்பி குடித்துக்கொண்டே, அந்த அறையை யார் ஏற்பாடு செய்தது என்று இங்கிலீஷில் கேட்டார். தூணுக்குப் பின்னாலிருந்து நான் வந்தேன். "நான்தான் சார். புத்தகங்களில் அப்படித்தான் இருந்தது" என்றேன். வெள்ளைக்காரரிடம் நான் பேசிய முதல் இங்கிலீஷ் அது.

அவர் காப்பித் தம்ளரைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார். பிறகு சொன்னார்: "யார்க்‌ஷயரில் என் அம்மாவின் அறை அப்படியேதான் இருக்கும். அதைப் பார்த்துப் பதினோரு வருஷம் ஆகிறது. உள்ளே போன முதல் பத்து நிமிஷம் நான் ரொம்ப சந்தோஷமாக இருந்தேன். அதற்குப் பிறகுதான் செத்துப்போய்விடுவேன் என்று தோன்றியது."

பிறகு அவரே பேச்சை மாற்றுவதற்காகக் கேட்டார்: "நீங்கள் இங்கே கம்ஃபியாக இருக்கிறீர்களா, மேடம்?"

இது உபசாரத்துக்குக் கேட்பது. இதற்கு 'யெஸ் சார், தாங்க் யூ' என்று சொல்ல வேண்டும். அது எனக்கு நன்றாகத் தெரியும், பரீட்சையிலேயே எழுதியிருக்கிறேன். ஆனால் அழுத தொண்டையிலிருந்து வேறு ஒன்று வந்தது.

"நோ சார். மை ஹஸ்பண்ட் இஸ் இன் கல்கத்தா."

என் வீட்டுக்காரர் உத்தரத்தில் பல்லி தேட ஆரம்பித்தார். "என்னத்தா சொன்ன?" என்று அத்தை என் சேலையை இழுத்தார். அதை மொழிபெயர்க்க யாருக்கும் தைரியம் இல்லை. துரை என் வீட்டுக்காரரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "ஐ சீ" என்று மட்டும் சொல்லிவிட்டுத் தன் சட்டையைக் கேட்டு வாங்கிப் போட்டுக்கொண்டார்.

மூன்று வாரம் கழித்து மதுரைக்கு உத்தரவு வந்தது.

தன்னுடைய திறமையைப் பார்த்துத்தான் கொடுத்தார்கள் என்று என் வீட்டுக்காரர் இன்றைக்கும் சாதிக்கிறார். அத்தையோ கடைசிவரை, "எம் மருமக துரையை வேகவச்சு வாங்குன வேலை" என்றுதான் ஊரில் சொல்லி வந்தார். எங்கள் குடும்பத்தில் கூட்டமான பஸ், கரண்ட் போன கல்யாண மண்டபம், காய்ச்சல்காரன் போர்வை எல்லாவற்றுக்கும் கம்ஃபி என்றுதான் பெயர். பேரப்பிள்ளைகள் பள்ளிக்கூடத்திலும் அதே அர்த்தத்தில் எழுதி மார்க்கை இழந்துகொண்டிருக்கிறார்கள்.

மதுரையில் எங்களுக்குக் கிடைத்தது மாடியில் ஒரே ஓர் அறை. தகரக் கூரை. இருந்த ஒரு ஜன்னலும் பக்கத்து வீட்டுச் சுவரைப் பார்த்தபடி இருந்தது. அதே அறையில்தான் ஸ்டவ், துணிக்கொடி, எல்லாம். அடுத்த சித்திரையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அத்தை பார்க்க வந்தார். அவர் படியேறி வந்தபோது நான் குழம்பு கூட்டிக்கொண்டிருந்தேன், அவருடைய மகன் பனியனோடு தரையில் உட்கார்ந்து எனக்கு வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். அத்தை முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு கூரையை ஒரு பார்வை பார்த்தார்.

"என்னத்தா இது, இப்படிக் கொதிக்குது? இதுக்குள்ள ரெண்டு பேரும் எப்படி இருக்கீக?"

"கம்ஃபியா இருக்கோம் அத்தை" என்றேன்.

அத்தை மகனைப் பார்த்தார், வெங்காயத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். பிறகு பையைச் சுவரோரம் வைத்துவிட்டுப் பாயை இழுத்துப் போட்டார்.

"அப்ப நானும் நாலு நாளைக்குக் கம்பியா இருந்துட்டுப் போறேன்" என்றார். ஒரு மாதம் இருந்தார்.