சாவிக்காரர் அடுப்பு பற்றவைத்த கதை

கண்ணை மூடுவதற்குள் ஒரு தடவையாவது டிவியில் வந்தே தீருவது என்று சாவிக்காரர் சபதம் போட்டார்.

ஏதோ ஒரு நிகழ்ச்சியில் இல்லை. ‘நம்ம பக்கத்து மனுஷங்க’ நிகழ்ச்சியில். அரசு டிவியில் இருபத்தைந்து வருஷமாக ஞாயிறுதோறும் ஓடுகிறது. சுற்றுவட்டாரத்தில் யாரிடம் என்ன கைவேலை, என்ன கலை என்று தேடிப்போய்ப் படம் பிடிப்பார்கள். அதில் முகம் வந்துவிட்டால் தெருநாய்கூட அவரைப் பார்த்துக் குரைக்க யோசிக்கும்.

சாவிக்காரர் திறக்காத பூட்டு அந்த வட்டாரத்தில் கிடையாது. அவர் இருமினாலே நாலு வீட்டுப் பூட்டு தானாகத் திறந்துகொள்ளும். இரண்டை நானே பார்த்திருக்கிறேன். வீட்டுக்கு வந்தாலோ, சாய்வு நாற்காலியில் விழுவதோடு சரி. டீ கைக்கு வரும், செய்தித்தாள் மடிக்கு வரும், நிகழ்ச்சி ஓடும்போது குறட்டையும் வரும். முழித்திருந்து பார்ப்பது மனைவிதான்.

போன் மேல் போன் போட்டு நச்சரித்ததில், தொகுப்பாளர் ஒருநாள் கேமராக்காரரோடு வந்து இறங்கினார். விஷயத்தைக் கேட்டதும் உதட்டைப் பிதுக்கினார்.

“பூட்டா? அது வந்தாச்சுங்க. ஒருத்தர் கண்ணைக் கட்டிக்கிட்டே திறந்தார்.”

“நான் காலாலயே திறப்பேனே!”

“காலும் வந்தாச்சு.”

“விசில் அடிப்பேன்.”

“அதுல ஒரு குடும்பமே வந்துச்சு.”

“காதை ஆட்டுவேன் தம்பி!”

“காது போன மழைக்கே முடிஞ்சுது. இருபத்தஞ்சு வருஷம்ங்க! இனிமே யாராவது புதுசா பொறந்து வந்தாத்தான் உண்டு.”

கேமராக்காரர் கேமராவைப் பைக்குள் வைத்து ஜிப்பை இழுத்தார். சாவிக்காரரின் உயிரும் பாதி உள்ளே போயிற்று.

அந்த நேரம் பார்த்து மனைவி டீயோடு வந்தாள். முகத்தைப் பச்சைக் குழந்தை மாதிரி வைத்துக்கொண்டு கேட்டாள்.

“ஏன் தம்பி, பொண்டாட்டியை உட்கார வெச்சு சமைச்சுப் போடுற புருஷன் யாராச்சும் வந்திருக்காங்களா?”

“எங்கம்மா! தேடாத தெரு இல்ல. கிடைச்சா அரை மணி நேரமும் அவருக்கே!”

அரை மணி நேரம்! சாவிக்காரர் நாற்காலியிலிருந்து எகிறினார்.

“அட, அது நான்தானே தம்பி! கல்யாணம் ஆனதுல இருந்து இவ அடுப்படி எந்தப் பக்கம்னுகூடப் பார்த்ததில்ல!”

“ஆமா தம்பி. இவருக்குத் தற்பெருமை ஆகாது. அதான் வெளியில சொல்லிக்கறதில்ல.”

ஜிப் திறந்தது.

“நீங்க எங்க உட்காருவீங்கம்மா?”

“வழக்கமா இங்கதான்.” சாய்வு நாற்காலியில் சரிந்து காலை நீட்டினாள். அங்கிருந்தே குரல் கொடுத்தாள். “ஏங்க, வழக்கம்போல மேல்தட்டுல, இடது பக்கம் இருக்கற டப்பாவுல இருந்து உப்பு எடுப்பீங்களே, அதைக் காட்டுங்க! வழக்கம்போல முட்டையை ஓடு இல்லாம ஊத்துவீங்களே, அதையும்!”

அடுப்படியிலிருந்து ஒரு கரும்புகை கிளம்பிற்று.

“என்னம்மா புகை?”

“அது அவரோட கைப்பக்குவம் தம்பி.”

ஞாயிற்றுக்கிழமை தெருவே பார்த்தது. திங்கட்கிழமையிலிருந்து தெருப் பெண்களெல்லாம் சாவிக்காரரை வழிமறித்து, “இன்னைக்கு என்ன சமையல்?” என்று கேட்டார்கள். அவர்களுடைய புருஷன்மார் அவரைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். அரசு டிவிக்கு ஒரு நல்ல பழக்கம் உண்டு. புதிதாக ஒன்றும் சிக்காத வாரம் பழையதையே போடும். ஜனங்கள் மறக்கப் போகிறார்கள் என்று பார்த்தால், சாவிக்காரர் மறுபடியும் முட்டை உடைப்பார்.

நாற்காலியில் உட்கார்ந்த மனைவி மட்டும் எழுந்திருக்கவே இல்லை.

ஒருநாள் கரண்டியை வீசினார் சாவிக்காரர். “போதும்டி! தெருவைக் கூட்டி, அத்தனையும் புளுகுன்னு சொல்லிடப் போறேன்!”

மனைவி செய்தித்தாளை மடித்தாள்.

“தாராளமா சொல்லுங்க. நான் அந்தத் தம்பிக்குப் போன் போடறேன். இருபத்தஞ்சு வருஷமா ஒரு வாரம் விடாம பார்த்திருக்கேன். புளுகர் இன்னும் ஒருத்தர்கூட வரலை.”

சாவிக்காரர் குனிந்து கரண்டியை எடுத்தார்.

“டீக்குச் சர்க்கரை எவ்வளவு போடட்டும்?”