ஷ்ரவிஷ்காவுக்கு அர்த்தம் தேடிய மாமன்

ஒரு காட்டில், எந்த மூலையில் நின்றாலும் சிக்னல் கிடைக்கிற காட்டில், செவ்வந்தி என்றொரு மான் இருந்தாள். அவளுடைய முதல் இரண்டு குட்டிகளையும் புலி கொண்டுபோய்விட்டது. மூன்றாவது பிறந்ததிலிருந்து பாவம், அவள் கண்ணே மூடவில்லை.

"பேர்லயாவது ஒரு காவல் இருக்கட்டும்" என்று நரி நடத்தும் குழந்தைப் பெயர் இணையதளத்தைத் திறந்தாள். 'ஷ்ரவிஷ்கா: புலிக்கு அகப்படாதவள். மிகப் பழமையான மொழி' என்று போட்டிருந்தது. எந்த மொழி என்று போடவில்லை. அதையெல்லாம் யார் கேட்கிறார்கள்?

செவ்வந்தியின் அண்ணன் தீர்க்காயு கேட்டார். தொட்டில் போடும் அன்று குட்டியின் காதில் மூன்று தரம் பேர் சொல்ல வேண்டிய தாய்மாமன் அவர்.

"அர்த்தம் பார்க்காம என் வாயால சொல்ல மாட்டேன். என் பேருக்கு 'நீண்ட ஆயுள் உள்ளவன்'னு மூணு அகராதியில ஆதாரம் இருக்கு, தெரியுமில்ல?" என்று கிளம்பிவிட்டார்.

நரியைக் கேட்டார். "குரங்கோட தளத்துல இருந்துச்சு, எடுத்துப் போட்டேன்."

குரங்கைக் கேட்டார். "காக்கா போட்டிருந்துச்சுங்க."

காக்கையைக் கேட்டார். "நரி அண்ணனே போட்டிருக்காரு, தப்பா இருக்குமா?"

மாமனுக்கு வந்ததே கோபம்! மூச்சிரைக்க ஓடிவந்தார். நல்ல நேரம் முடியப்போகிறதென்று செவ்வந்தியே பேரைச் சொல்லி முடித்திருந்தாள்.

"அத்தனையும் புளுகு! அப்படி ஒரு வார்த்தையே எந்த மொழியிலயும் இல்ல!" என்று கத்தினார். கத்திய கத்தலில் புதருக்குள் தூங்கிக்கொண்டிருந்த புலி எழுந்து வந்துவிட்டது.

"ஐயோ, ஷ்ரவிஷ்கா!" என்று செவ்வந்தி அலறினாள்.

தொட்டில் மேல் பாய இருந்த புலி நின்றது. போனை எடுத்து அந்தப் பேரைத் தேடியது. நரி தளம், குரங்கு தளம், காக்கை தளம், மூன்றும் ஒரே மாதிரி சொல்லின.

"சே, அகப்படாதாமே! வீணா எதுக்கு மெனக்கெடணும்" என்று மாமன் பக்கம் திரும்பியது. "உங்க பேரு என்னங்க?"

"தீர்க்காயு. நீண்ட ஆயுள் உள்ளவன். மூணு அகராதியில..."

புலி பொறுமையாகத் தேடிப் பார்த்தது. "இதுல வரலையே, மாமா" என்றது.

அகராதிகள் மூன்றும் இப்போது செவ்வந்தி வீட்டில் இருக்கின்றன. தொட்டிலின் கால் ஆடாமல் இருக்க முட்டுக்கொடுத்திருக்கிறாள்.

நீதி: பேருக்கு அர்த்தம் சரியா என்று பார்க்காதே, புலி எந்தத் தளத்தைப் பார்க்கிறது என்று பார்.