நாலு இருபத்தொன்பதில் நின்ற காலம்

காலத்தை வென்றவர்கள் இதுவரை இரண்டே தரப்பினர். ஒருவர் மார்க்கண்டேயர். மற்றவர்கள் பிரிக்பீல்ட்ஸ் காலஜோதிப் பேரவையினர். மார்க்கண்டேயருக்குச் சிவபெருமான் நேரில் வர வேண்டியிருந்தது. பேரவைக்கு ஒரு தீர்மானமும் ஒரு முழம் மஞ்சள் பட்டும் போதுமாக இருந்தன.

ஆண்டுக்கு ஒரு ஞாயிறு, நல்ல நேரமான மூன்றரைக்கும் நாலரைக்கும் இடையில், சிறப்பு விருந்தினர் நூற்றெட்டு முக விளக்கை ஏற்றுவார். அந்த ஒளியைக் கண்டவருக்கு வாழ்க்கையில் வீணாய்ப் போன நேரமெல்லாம் திரும்பக் கிடைக்கும் என்பது பேரவையின் ‘உத்தரவாதம்’. போன ஆண்டு விருந்தினரான டத்தோ பட்டக்காரர் ஐந்தேகாலுக்கு வந்து, அப்பட்டமான இராகு காலத்தில் விளக்கேற்றிவிட்டார். செயற்குழு அவசரமாகக் கூடி ஆராய்ந்தது. டத்தோக்கள் தாமதமாக வருவதே இல்லை, நேரம்தான் முந்திக்கொண்டு ஓடிவிடுகிறது என்று கண்டறிந்தது. ஆகவே இனி விருந்தினர் வரும்வரை காலத்தைக் கட்டி நிறுத்துவதென்று தீர்மானம். முன்மொழிந்தவர் தலைவர் விஜயன். வழிமொழிந்தவர் செயலாளர் கந்தையா.

இந்தக் கந்தையா முப்பத்துநாலு வருடம் ரயில்வேயில் கால அட்டவணை போட்டு ஓய்வு பெற்றவர். தன் கல்யாணத்துக்கே ஐயருக்கு முன்னால் போய் உட்கார்ந்தவர். அப்படிப்பட்டவர் ஏன் வழிமொழிந்தார்? கூட்டத்தைக் குறித்த நேரத்தில் முடிக்க வேண்டியிருந்தது.

இந்த ஆண்டு விழா நாளன்று அவருக்கு இன்னொரு வேலையும் இருந்தது. மனைவி சிவமலர் கிள்ளானில் ஒரு மருத்துவமனையில் படுத்திருந்தார். மறுநாள் விடிந்ததும் இருதய அறுவைச் சிகிச்சை. பார்வையாளர் நேரம் மாலை ஏழு மணியோடு சரி.

“எனக்குப் பயமாக் கிடக்குதப்பா,” என்றார் சிவமலர், காலையில் போனில். “ஒருக்கா வந்து பக்கத்தில இருங்கோ.”

“நாலு மணிக்கு விளக்கு. அஞ்சரைக்கு உம்மட கட்டிலடியில நிப்பன்.”

“நீங்கள் சொன்னா வருவியள்,” என்றார். நாற்பது வருடமாக அந்த ஒரு விஷயத்தில் மட்டும் அவருக்கு ஏமாற்றமே கிடையாது.

நாலு இருபத்தொன்பது வரை டத்தோவைக் காணோம். விஜயன் தலையசைத்தார். கந்தையா ஏணியில் ஏறி, மண்டபக் கடிகாரத்தின் பேட்டரியைக் கழற்றி, மஞ்சள் பட்டைப் போர்த்தினார். மந்திரம் ஓதப்பட்டது. இருநூறு பேரும் கைக்கடிகாரத்தை நிறுத்தினார்கள், கைப்பேசியை அணைத்தார்கள். கதவு சாத்தப்பட்டது. நடுவில் யாராவது வெளியே போனால் அந்த இடுக்கு வழியாகக் காலம் கசிந்து உள்ளே வந்துவிடும் என்பது விதி. விதியை எழுதியதும் கந்தையாதான். எழுதும்போது அவருக்கு அதில் ஒரு குறையும் தெரியவில்லை.

டத்தோவின் சிறப்பு அதிகாரி கிஷனுக்கு மட்டும் கைப்பேசி அனுமதி உண்டு.

“டத்தோ எங்க இருக்காரு?” என்று கேட்டார் கந்தையா.

“பக்கத்துல பங்சார் வந்துட்டாரு அங்கிள். அஞ்சு நிமிசம் லா.”

வெகுநேரம் கழித்து மறுபடி கேட்டார்.

“இப்ப ஸ்ரீ கெம்பாங்கான் தாண்டுறாரு. இன்னும் இருபது கிலோமீட்டர் இருக்கும்.”

மூன்றாம் முறை கேட்டபோது கிஷன் குரலைத் தாழ்த்திக்கொண்டான். “வீட்லதான் அங்கிள். எந்த பாத்தேக் பூச்சட்டை போடலாம்னு பாத்துக்கிட்டு இருக்காரு.”

செய்தி வரிசை வரிசையாகப் பரவ, சபை சிலிர்த்துப்போனது. காலம் நின்றதோடு பின்னோக்கியும் நடக்கத் தொடங்கிவிட்டது என்பதற்கு இதைவிட என்ன சான்று வேண்டும்? முன்வரிசையில் ஒருவர் கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

மண்டபத்துக்குப் பின்னால் கிள்ளான் ரயில் ஒன்று கடந்து போனது. பிறகு இன்னொன்று. பிறகு மூன்றாவது. கடிகாரத்துக்குப் பட்டுப் போர்த்தலாம், அட்டவணைக்காரரின் காதுக்கு எதைப் போர்த்துவது? ஒவ்வொரு ரயிலுக்கும் மணி என்ன என்று அவருக்குத் தெரிந்தது. எழுந்து தலைவரிடம் போனார்.

“தலைவரே, நான் கெளம்பணும். வைஃப் ஆஸ்பத்திரியில இருக்காங்க. அஞ்சரைக்கு வரேன்னு சொல்லியிருக்கேன்.”

“தாராளமா போங்க சார். ஆனா இப்ப மணி நாலு இருபத்தொம்பதுதானே? இன்னும் ஒரு மணி நேரம் இருக்கு. ஏன் அவசரப்படுறீங்க?”

தீர்மானத்தை வழிமொழிந்தவர் ஆயிற்றே. போய் உட்கார்ந்தார். ஜன்னலுக்கு வெளியே வெயில் இறங்கிக்கொண்டிருந்தது. வெயிலுக்குத் தீர்மானத்தின் நகல் அனுப்பப்படவில்லை.

டத்தோ வந்தார். விளக்கேற்றினார். ‘நேரத்தின் அருமை’ பற்றி விரிவாகப் பேசினார். எவ்வளவு நேரம் பேசினார் என்பதைக் காலம் நின்றிருந்த காரணத்தால் கூற இயலாது. பிறகு கந்தையா ஏணியேறிப் பட்டை விலக்கினார். நாலு இருபத்தொன்பது. இராகு காலம் பேரவையிடம் தோற்றுப்போனது. கைத்தட்டல் அடங்குமுன் கந்தையா ரயில் நிலையத்துக்கு ஓடினார். அறுபத்தெட்டு வயதில், பட்டு வேட்டியோடு.

வார்டு வாசலில் காவலர் வீரம்மா கையை நீட்டி மறித்தார். “டைம் முடிஞ்சிருச்சு அங்கிள். நாளைக்கு வாங்க.”

“நாளைக்குக் காலையில ஆப்பரேஷன்மா.” கந்தையாவுக்கு மூச்சு வாங்கியது. வேறு வழி தெரியாமல் மணிக்கட்டை நீட்டினார். வாழ்நாளில் அவர் காட்டிய முதல் பொய் மணி அது. “பாருங்க, நாலு இருபத்தொம்பதுதான்.”

வீரம்மா கடிகாரத்தைப் பார்த்தார், பிறகு அவரைப் பார்த்தார். “சிவமலர் ஆன்டி வீட்டுக்காரரா? அஞ்சரையிலேர்ந்து கதவையே பாத்துக்கிட்டு இருந்தாங்க. சாப்பாடு கூட வேணாம்னுட்டாங்க. ஊசி போட்டு இப்பதான் தூங்க வச்சாங்க. அவங்ககிட்ட இந்த மாதிரி வாட்ச் இல்ல அங்கிள்.”

கந்தையா வாசல் பெஞ்சில் உட்கார்ந்தார். சிறிது நேரம் அழுதார். விழா நடந்த அன்றே அறிக்கை எழுதி முடிப்பது அவர் வழக்கம். பையிலிருந்து குறிப்பேட்டை எடுத்தார்.

“காலஜோதிப் பெருவிழா நாலு இருபத்தொன்பதுக்குத் தொடங்கி, நாலு இருபத்தொன்பதுக்கே இனிதே நிறைவுற்றது. சிறப்பு விருந்தினர் குறித்த நேரத்தில் வருகை தந்தார். திரும்பக் கிடைத்த நேரம்: இல்லை. தாமதமாக வந்தவர்: ஒருவர். செயலாளர் கந்தையா.”