கூடத்துக் கேமராவைக் கழற்றச் சொல்லி மாப்பிள்ளைக்கு ஒரு விண்ணப்பம்

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

மாமனார் எழுதிக்கொள்வது. இங்கே இருவரும் நலம். இதை நான் எழுதித்தான் உங்களுக்குத் தெரியவேண்டும் என்றில்லை. நீங்கள் என் மணிக்கட்டில் கட்டிவிட்ட கடிகாரம் என் நாடித்துடிப்பை உங்கள் செல்போனுக்கு அனுப்பிக்கொண்டேதான் இருக்கிறது. ஆனாலும் மரியாதை என்று ஒன்று இருக்கிறதே.

விஷயம் கூடத்தில் நீங்கள் மாட்டிய கேமரா. உங்கள் அக்கறையை நான் குறை சொல்லமாட்டேன். வீட்டில் சத்தம் கூடினால் மகளுக்குத் தகவல் போகும் என்றீர்கள். நானோ முப்பத்திரண்டு வருடம் அச்சகத்தில் மெஷின் பக்கத்தில் நின்றவன், காது மந்தம், தொண்டை பெரிது, "உப்பு எங்கடி?" என்று கேட்டாலே கேமராவுக்கு அது அடிதடி. அடுத்த நிமிடம் ஆபீசிலிருந்து மகள், "அப்பா, அம்மாவை ஏம்ப்பா திட்டுறீங்க?" என்கிறாள். "திட்டலம்மா, உப்புதான் கேட்டேன்" என்று நான் சொல்வதும் சத்தமாகத்தான் வருகிறது, அதற்கும் ஒரு தகவல் போகிறது. இரண்டு முறை மீட்டிங்கைப் பாதியில் விட்டு ஓடிவந்துவிட்டாள், பாவம். அதற்குப் பயந்து உங்கள் மாமியார் கிசுகிசுவென்று பேச ஆரம்பித்தாள். அது என் காதில் விழுமா? "என்னது?" என்று கத்துவேன், அவள் கேமராவைக் காட்டி வாயில் விரலை வைப்பாள். இப்போது பேச்சையே விட்டுவிட்டாள். பத்து நாளாகிறது. 'மாத்திரை', 'குளிக்கவும்' என்று துண்டுச்சீட்டில் எழுதி மேஜையில் வைக்கிறாள். நாற்பது வருடமாகத் தினமும் என்னை நாலு வார்த்தை கேட்டவள், மாப்பிள்ளை! வீடு வெறிச்சென்று கிடக்கிறது, எனக்கு நிஜமாகவே தாங்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை வந்து அந்தச் சனியனைக் கழற்றிவிடுங்கள். நான் சொன்னதாக மகளுக்குத் தெரியவேண்டாம். உங்கள் மாமியாரிடம் மூச்சுகூட விடவேண்டாம்.

நீங்கள் இருவரும் நோய்நொடி இல்லாமல், சார்ஜும் குறையாமல் நீண்டநாள் வாழ என் ஆசிகள்.

இப்படிக்கு,
உங்கள் மாமனார்

பின்குறிப்பு: எழுதி முடித்துக் கண்ணாடியைக் கழற்றுவதற்குள் உங்கள் மாமியார் பின்னால் நின்று முழுவதையும் படித்துவிட்டாள். "வீட்டு விஷயத்தையெல்லாம் மாப்பிள்ளைக்கு எழுதுவீங்களா? கொஞ்சமாவது அறிவிருக்கா உங்களுக்கு?" என்று தொடங்கியவள், கல்யாணத்தன்று நான் தாமதமாக வந்ததுவரை போய்விட்டாள். முக்கால் மணி நேரம்! ஒரு வார்த்தை தப்பாமல் காதில் விழுந்தது. நானும் சளைக்கவில்லை. மகள் ஆறு தடவை கூப்பிட்டாள், எடுக்க எங்களுக்கு நேரமில்லை. கேமரா அங்கேயே இருக்கட்டும். சண்டையை யார் முதலில் ஆரம்பித்தது என்பது மட்டும் இன்னும் தீரவில்லை. ஞாயிற்றுக்கிழமை வரும்போது பதிவைப் போட்டுக் காட்ட முடியுமா என்று உங்கள் மாமியார் கேட்கச் சொல்கிறாள்.