ஜன்னலை அடைக்க ஒரு மூட்டை சிமெண்டு

மதுரை, 1938

அன்புள்ள முகம்மது கனி மாமு அவர்களுக்கு மருமகள் அமீருன்னிசா எழுதுவது. அஸ்ஸலாமு அலைக்கும். இங்கே நானும் அத்தாவும் ஆடும் சுகம். திருச்சியில் தாங்களும் மாமியும் சுகமாயிருக்க அல்லாஹ் அருள்வானாக. தாங்கள் ரயிலில் அனுப்பிய சிமெண்டு மூட்டை மட்டும் சுகமாக இல்லை.

அடுப்படியில் சிம்னி விளக்கைத் தணித்து வைத்துக்கொண்டு எழுதுகிறேன். எழுத்து பாதியில் நின்றால், அத்தா விழித்துக்கொண்டார் என்று அர்த்தம்.

எல்லாம் நம் ஆட்டினால் வந்தது. நமக்கும் அடுத்த வீட்டு யூனுஸ் சச்சாவுக்கும் பொதுச் சுவரில் ஒரு ஜன்னல் உண்டல்லவா? அதில் தலையை நீட்டி, சச்சா பெருநாளுக்கு வாங்கிய துருக்கித் தொப்பியின் குஞ்சத்தை ஆடு தின்றுவிட்டது. "அலீம் பாய், ஒங்க ஆட்டுக்குப் பசிச்சா எங்க வீட்டுத் தொப்பியத்தான் மேயணுமா?" என்றார் சச்சா. "தொப்பிக்குள்ள ஒண்ணுமில்லன்னு தெரிஞ்சுதான் பாய் குஞ்சத்தோட விட்டுருச்சு" என்றார் அத்தா. அன்றோடு பேச்சு நின்றது. ஜன்னலை அடைக்க உங்களிடம் சிமெண்டு கேட்டாயிற்று.

அம்மா மௌத்தாகிப் போன பிறகு எனக்குப் பேச்சுத்துணை அந்த ஜன்னல்தான் மாமு. அந்தப் பக்கம் சச்சாவின் மகள் சாதிகா நிற்பாள். அவளைப் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்திவிட்டதால் என் பாடத்தை அவளுக்குச் சொல்வேன். அவள் ஊரில் உள்ளதையெல்லாம் எனக்குச் சொல்வாள். அத்தா கடையிலிருந்து வந்து "சாப்பிட்டியாம்மா?" என்பார், "சாப்பிட்டேன்" என்பேன், வீட்டுக்குள் அன்றைய பேச்சு முடிந்துவிடும்.

இன்று மதியம் கண்ணுச்சாமிக் கொத்தனார் வந்தார். அவர் சுண்ணாம்பில் வேலை செய்தவர், சிமெண்டைத் தொட்டதில்லை. முடுக்கில் இரண்டு வாசலுக்கும் நடுவே மூட்டை முழுவதையும் மணலோடு கொட்டிக் குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றினார். குழம்பாக ஓடியது. சென்ற லீவில் உங்கள் கிணற்றடிக்கு நீங்கள் குழைத்ததைப் பார்த்தவளாயிற்றே, கதவிடுக்கில் நின்று சொன்னேன்: "கொழுக்கட்டை மாவுப் பதம் போதுமாம். கையில பிடிச்சா உருண்டை நிக்கணும், தண்ணி சொட்டக் கூடாது. கொழச்ச ஒடனே பூசிறணும்னு மாமு சொன்னாங்க."

"கொழுக்கட்டைய நீ பாரு தாயி, சொவத்த நான் பாத்துக்கிறேன். சுண்ணாம்பே ஒரு வாரம் ஊறணும். இது அம்புட்டு வெலை குடுத்து வாங்குன சாமான், ஒரு ராத்திரியாச்சும் ஊற வேணாமா? காலையில கடுக்காத் தண்ணி ஊத்திப் பூசிருவோம்" என்று மண்வெட்டியை அதிலேயே குத்திவிட்டுப் போய்விட்டார். அத்தாவும் "உள்ள போம்மா" என்றார்.

அந்தியில் மஃரிபு தொழுத பிறகு போய் விரலை வைத்தேன். பதிந்தது. அப்போதே அத்தாவிடம் சொல்லியிருந்தால் பாதியாவது பிழைத்திருக்கும். ஜன்னல் போயிருக்கும். வாயை மூடிக்கொண்டேன். சற்றுமுன் மறுபடி போய் அழுத்தினேன். விரல்தான் நசுங்கியது.

விடிந்ததும் அத்தா "ஒனக்குத் தெரியும்ல?" என்று கேட்டால் எனக்குப் பொய் வராது. பயமாக இருக்கிறது மாமு. இன்னொரு மூட்டை கேட்டு அவர் எழுதினால், சிமெண்டு வந்த கப்பல் முழுகிவிட்டது என்று சொல்லிவிடுங்கள்.

மாமிக்கு என் சலாம். உங்கள் துஆவில் என்னையும், இடமிருந்தால் அந்த ஜன்னலையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
அமீருன்னிசா

பி.கு.: காலையில் எழுதுகிறேன். சுபுஹுத் தொழுகைக்குக் கிளம்பிய சச்சா மண்வெட்டிப் பிடியில் முட்டிக்கொண்டு, "யா அல்லாஹ், எவன்டா ஆனமலையத் தூக்கியாந்து முடுக்குக்குள்ள வச்சது?" என்று அலறினார். அத்தா ஓடினார். இரண்டு பேரும் சேர்ந்து மண்வெட்டியை இழுத்தார்கள். பிடி மட்டும் கையோடு வந்தது. இரண்டு பேரும் மல்லாந்து விழுந்தார்கள். கிடந்தபடியே சிரித்தார்கள். அம்மா போன பிறகு அத்தா சிரித்து இன்றுதான் கேட்டேன். "ஜன்னல் கெடந்துட்டுப் போகட்டும் பாய்" என்றார் அத்தா. "ஆமா பாய், இனிமே அதுல வந்து நிக்க யாரு இருக்கா? சாதிகாவுக்குக் கொட்டாம்பட்டியில பேசி முடிச்சாச்சு. வார மாசம் நிக்காஹ்" என்றார் சச்சா.

ஊரில் உள்ளதையெல்லாம் சொல்கிறவள், இதை மட்டும் என்னிடம் சொல்லவில்லை.

ஆகையால் மாமு, கப்பல் முழுக வேண்டாம். அத்தா கேட்க மாட்டார், நான் கேட்கிறேன். அவள் போன பிறகு ஒரு மூட்டை அனுப்புங்கள். தண்ணீர் அளவு எனக்குத் தெரியும்.