அந்த நம்பர் யாருதுங்க

உங்கள் செல்போனில் பேர் தெரியாத நம்பரிலிருந்து ஒரு மெசேஜ் வந்துவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள். என்ன செய்வீர்கள்? அழித்துவிட்டு அடுப்பைப் பார்க்கப் போவீர்கள். போகத்தான் நினைப்பீர்கள். அதற்குள் ஒருவர் உள்ளங்கையை நீட்டிக்கொண்டு வந்து நிற்பார். "இப்படிக் குடுங்க, யாருன்னு ரெண்டே நிமிசத்துல கண்டுபுடிச்சர்லாம்" என்பார். செல்போன் கொல்லிமலைக்கு ஏறி வந்தபோது அதன் பின்னாலேயே ஏறி வந்த இனம் இது. நம்பர்க்காரர் என்று பேர் வைத்துக்கொள்வோம். கொசுவத்தி கொளுத்தினாலும் போகாது.

நம்பர்க்காரரை அடையாளம் காண்பது சுலபம். நம்பரை வாங்கியதும் வாய்விட்டுப் படிப்பார், கடைசி மூன்று எண்ணை மட்டும் குழம்புக்கு உப்புப் பார்க்கிற மாதிரி நாக்கில் வைத்து இன்னொரு தடவை சொல்லிப் பார்ப்பார், "இதை எங்கியோ பார்த்திருக்கேனே" என்று ஓட்டுக் கூரையை அண்ணாந்து பார்ப்பார், தொண்ணூற்று நாலில் ஆரம்பித்தால் கவர்மெண்டு ஆள், தொண்ணூற்றெட்டில் ஆரம்பித்தால் காசுள்ள ஆள் என்பார், டவர் வைக்க வந்தவர்களில் ஒருவன் தன் வீட்டில் தண்ணீர் வாங்கிக் குடித்தவன், அவனிடம் ஒரு வார்த்தை சொன்னால் ஜாதகமே வந்துவிடும் என்பார், கடைசியில் உங்கள் போனிலேயே, உங்கள் காசிலேயே அந்த நம்பரைக் கூப்பிட்டு, குரலை மாற்றி, "கூரியர் ஆபீசுங்க, உங்க பேரு?" என்பார். எதிரில் எடுக்கவில்லை என்றால் குற்றவாளி. எடுத்தால் பெரிய குற்றவாளி.

கொல்லிமலையின் எடப்புளி நாட்டில் மிளகு வாங்கி விற்கும் அர்த்தனாரி இந்த இனத்தில் முதல் தரம். காணாமல் போன ஆட்டை அவர் தேடிக் கொடுத்ததில்லை. தன் வீட்டு டார்ச் லைட் எங்கே இருக்கிறது என்று அவருக்குத் தெரியாது. அதைத் தினமும் எடுத்துக் கொடுப்பது அவர் மனைவி ருக்குமணி. ஆனால் யாருக்காவது தெரியாத நம்பரிலிருந்து மெசேஜ் வந்தது என்று காதில் விழுந்தால் போதும், தராசில் பாதி நிறுத்த மிளகை அப்படியே விட்டுவிட்டுக் கிளம்பிவிடுவார்.

அவருக்கு வாழ்நாள் கேஸ் ஒன்று பஸ்ஸில் கிடைத்தது.

அண்ணாமலை, பொன்னாயி தம்பதியின் மகள் சுகுணா. மரவள்ளிக் காட்டை நம்பியிருக்கிற குடும்பம். பெண் தினமும் காலை பஸ்ஸில் மலையிறங்கி, காளப்பநாயக்கன்பட்டியில் கம்ப்யூட்டர் படித்துவிட்டு, சாயங்கால பஸ்ஸில் ஏறி வருவாள். மாதக் கடைசியில் பரீட்சை. தேறினால் நாமக்கல்லில் ஒரு முட்டைக் கம்பெனியில் பில் போடும் வேலை தருவதாகச் சொல்லியிருந்தார்கள். பரீட்சையை விட்டால் வேலையும் போச்சு, அடுத்தது மாப்பிள்ளை பார்ப்பதுதான் என்று அவளுக்கும் தெரியும், அவள் அம்மாவுக்கும் தெரியும்.

அன்றைக்குப் பலாப்பழம் விற்க அண்ணாமலையும் அதே பஸ்ஸில் வந்தார். பின் சீட்டில் அர்த்தனாரி. கீழே சமவெளி பளிச்சென்று தெரிகிற கொண்டையூசி வளைவில் பஸ் திரும்பியதும் சுகுணாவின் போன் சத்தம் போட்டது.

"என்ன கண்ணு அது?"

"கம்பெனி மெசேஜுங்கப்பா."

பின் சீட்டிலிருந்து ஒரு கழுத்து நீண்டு வந்தது. கழுத்துக்குப் பின்னால் கையும் வந்தது. இங்கிலீஷ் எழுத்தில் அடித்திருந்த தமிழை அர்த்தனாரி பஸ் முழுக்கக் கேட்கும்படி படித்தார்: "சிவப்பு வேண்டாம். பச்சை போதும். யாருக்கும் தெரிய வேண்டாம்."

பேர் இல்லை. வெறும் நம்பர்.

"யாரு கண்ணு இது?" என்றார் அர்த்தனாரி.

சுகுணா அவர் முகத்தை ஒரு தடவை பார்த்தாள். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். "தெரியலீங்க மாமா."

"எப்பவும் இந்த வளைவுலதான் வருமா?"

"ஆமாங்க மாமா. ஊர்ல சிக்னல் இல்லீங்கல்ல? இங்க வந்தாத்தான் எடுக்குது. நேத்து அனுப்புனதெல்லாம் இங்கதான் வந்து விழும்."

"சிக்னலாம் சிக்னலு. நீ சின்னப்புள்ளை, உனக்கென்ன தெரியும். இந்த வளைவுக்கு நீ வர்றது தெரிஞ்ச ஒருத்தன், பாத்துக்கிட்டே இருந்து அமுக்கறான். அண்ணாமலை மச்சான், ஆளு இந்த பஸ்ஸுக்குள்ளதான் இருக்கறான்."

மெசேஜுக்கு அடியிலேயே அனுப்பிய நேரம் இருந்தது: முந்தின நாள் சாயங்காலம். ஆனால் நம்பர்க்காரர்கள் எழுதியிருப்பதைப் படிப்பதில்லை. எழுதாததைத்தான் படிப்பார்கள்.

அண்ணாமலை பழம் விற்காமலேயே மகளைத் திருப்பிக் கூட்டி வந்துவிட்டார். "ஆளு யாருன்னு தெரியற வரைக்கும் கிளாசும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம்" என்றார். போன் அர்த்தனாரியின் சட்டைப் பைக்குப் போனது. சாட்சிப் பொருளாம்.

பொன்னாயிக்கு வயிற்றெரிச்சல். "ஏனுங்கண்ணா, நீங்க அவனைக் கண்டுபுடிக்கறதுக்குள்ள எம்புள்ளைக்குப் பரிச்சை முடிஞ்சிரும்."

"பொன்னாயி, அவசரப்பட்டா ஆளு தப்பிச்சிருவான்."

"தப்பிச்சா தப்பிச்சிட்டுப் போறான். எம்புள்ளை பாஸாவட்டும்."

இந்த மாதிரி நடைமுறைப் பேச்செல்லாம் நம்பர்க்காரர் காதில் ஏறாது. மறுநாள் காலை அவர் அதே பஸ்ஸில் ஏறி, கடைசி சீட்டில் உட்கார்ந்து, பேப்பரை விரித்து, பேப்பருக்கு மேல் கண்ணை மட்டும் வைத்துக்கொண்டார். பேப்பர் தலைகீழாக இருந்தது என்று சொல்ல ஆசைதான். இல்லை, நேராகத்தான் இருந்தது, தேதிதான் போன மாதத்தது. வளைவு வந்தது. பஸ் திரும்பியது. டிங் என்றது ஒரு பை. டிங் டிங் என்றது ஒரு மடி. அடுத்த நொடி டிரைவரைத் தவிர அத்தனை பேரும் போனைக் கையில் எடுத்துவிட்டார்கள். கண்டக்டர் எடுத்தார், கோயில் பூசாரி எடுத்தார், அன்னாசிப்பழக் கூடைக்காரி இடுப்பிலிருந்து எடுத்தாள், ஊட்டிவிட்ட இட்லியைப் பிள்ளையின் வாயிலேயே விட்டுவிட்டு ஒரு தாய் எடுத்தாள். ராத்திரி முழுக்கச் சிக்னல் இல்லாமல் கிடந்த ஜனம், எடுக்காமல் என்ன செய்யும்?

அர்த்தனாரிக்கு வேர்த்துவிட்டது. ஒருத்தன் என்று நினைத்தால் ஒரு கூட்டமே இருக்கிறதே.

தினமும் அந்த வளைவிலிருந்து அந்த நம்பரைக் கூப்பிட்டார். தொடர்பு எல்லைக்கு வெளியே இருப்பதாக ஒரு பெண் குரல் தினமும் சொன்னது. "நான் கூப்புடற நேரம் பாத்து எல்லைக்கு வெளிய போயிக்கறான்" என்று வீட்டில் வந்து சொன்னார். ருக்குமணி சாமைச் சோறு போட்டுக்கொண்டிருந்தாள்.

"ஆளு ரயில்வேக்காரன். நல்லாத் தெரிஞ்சு போச்சு."

"எப்படீங்க?"

"சிவப்புங்கறான், பச்சைங்கறான். வேற யாரு அப்படிப் பேசுவா?"

"நம்ம மலைல ரயில் ஏதுங்க?"

"அதனாலதான் யாருக்கும் தெரிய வேண்டாங்கறான்."

ருக்குமணி குழம்பை ஊற்றினாள். கொஞ்சம் அதிகமாகவே ஊற்றினாள். "அந்தப் புள்ளைக்கு அடுத்த வெள்ளிக்கிழமை பரிச்சைங்களாமே?"

"பரிச்சை வருசா வருசம் வரும். இந்த மாதிரி கேஸ் வருமா?"

அவள் கரண்டியைச் சட்டியில் போட்டாள். தனக்குப் போட்ட சோற்றை அப்படியே மூடி வைத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை ருக்குமணியின் தம்பி தனபால் வீட்டில் நோம்பி விருந்து. காளப்பநாயக்கன்பட்டிக்குக் கணவனும் மனைவியும் பஸ் ஏறினார்கள். அண்ணாமலையும் முன் சீட்டில் இருந்தார். சாட்சிக்கு ஓர் ஆள் வேண்டுமென்று அர்த்தனாரிதான் இழுத்து வந்திருந்தார். வளைவு வருவதற்கு முன்பே எழுந்து நின்று கம்பியைப் பிடித்துக்கொண்டார்.

"எல்லாரும் கேட்டுக்கங்க. இப்ப ஒரு நம்பரைக் கூப்புடப் போறேன். எவன் பையில மணியடிக்குதோ அவன் மரியாதையா எந்திரிச்சு நிக்கோணும்."

பஸ் திரும்பியது. அமுக்கினார். பெண் குரல் வரவில்லை. மணி அடித்தது. அவர் கண்கள் பின் சீட்டு வரை ஓடி, டிக்கெட் பையோடு நின்ற கண்டக்டரிடம் போய், பூசாரியிடம் திரும்பி வந்தன. பக்கத்தில் மட்டும் பார்க்கவில்லை. ருக்குமணி பையைத் திறந்து, ஒரு பழைய போனை எடுத்து, காதில் வைத்தாள்.

"சொல்லுங்க."

"ஹலோ, யாரு பேசறது?" என்று அர்த்தனாரி போனுக்குள் அதட்டினார்.

"உங்க பொண்டாட்டிதானுங்க."

"எங்கிருந்து பேசறே?"

"பக்கத்துச் சீட்டுலருந்துதானுங்க."

பஸ் மொத்தமும் இவர்கள் பக்கம் திரும்பியது. கண்டக்டர்தான் முதலில் வாயைத் திறந்தார். "அண்ணா, கட் பண்ணுங்க. காசு ஓடுது."

ருக்குமணி போனை மடியில் வைத்தாள். கணவனைப் பார்க்காமல் அண்ணாமலையைப் பார்த்துப் பேசினாள். "அண்ணா, போனு என் தம்பி குடுத்தது. ஆடு மேய்க்கற கரட்டு மேட்டுல ஏறுனா சிக்னல் ஒரு கோடு எடுக்கும். ஒரு நைட்டி எடுத்துட்டு வான்னு உங்க புள்ளைகிட்டச் சொன்னேன், சிவப்பு வேண்டாம்னேன். அவ்வளவுதான். எம்பேரைச் சொல்லாதேன்னதும் நாந்தான். அவ வாக்குக் குடுத்துட்டுப் பரிச்சையைத் தொலைக்கறா. நாளைக்குக் கிளாசுக்கு அனுப்புங்க."

"ஒரு நைட்டியை எங்கிட்டச் சொல்லக்கூடாதா?" என்றார் அர்த்தனாரி. குரல் ரொம்பச் சின்னதாக வந்தது.

"சொல்லலாங்க. எந்தக் கடை, கடைக்காரன் யாரு, அவனுக்கு எந்த ஊரு, உனக்கு யாரு சொன்னா, எதுக்குச் சொன்னான்னு கேட்டு முடிக்கறதுக்குள்ள துணி சாயம் போயிரும். எனக்குன்னு நீங்க விசாரிக்காத பொருள் ஒண்ணு இருக்கட்டும்னு நெனச்சேன்."

அண்ணாமலை எழுந்து வந்து, மச்சானின் சட்டைப் பையிலிருந்து மகளுடைய போனைத் தானே எடுத்துக்கொண்டார். "நாளைக்கு அனுப்பறேன் சாமி" என்றார் ருக்குமணியிடம். அனுப்பினார். சுகுணா அந்த வெள்ளிக்கிழமை பரீட்சை எழுதினாள்.

அன்று பஸ் அடிவாரத்துக் காரவள்ளிக்கு வந்து சேர்ந்தது. அர்த்தனாரி தொண்டையைச் செருமிக்கொண்டு, எதிர் சீட்டுப் பூசாரியிடம் சொன்னார்: "எனக்கு மொத நாளே தெரியுங்க. அவ வாயால வரட்டும்னுதான் இத்தனை நாள் விட்டுப் புடிச்சேன்."

நீங்கள் சிரிப்பது தெரிகிறது. சுகுணா ஜன்னல் பக்கம் திரும்பியபோதே இது ருக்குமணிதான் என்று கண்டுபிடித்துவிட்டீர்கள், இல்லையா? பக்கத்திலிருப்பவரிடம் சொல்லியும் இருப்பீர்கள். பரவாயில்லை. ஆனால் இப்போது மனசுக்குள் என்ன ஓடுகிறது என்று கொஞ்சம் கவனியுங்கள். அந்தப் பெண் பரீட்சையில் தேறினாளா என்பதா? அல்லது, தனபால் எதற்காக அக்காளுக்கு ரகசியமாகப் போன் கொடுத்தான், அந்தச் சிம் யார் பேரில் இருக்கிறது என்பதா? இரண்டாவது என்றால் ஒரு காரியம் செய்யுங்கள். உங்களிடம் சொல்லாமல் என்னென்ன வைத்திருக்கிறார்கள் என்று இன்று ராத்திரி உங்கள் வீட்டில் கேட்டுப் பாருங்கள்.

ஒன்றுமில்லை என்பார்கள்.